கீழப்புளியனூர்க்காரர்

கண்டெய்னர் லாரிகளுக்கு நடுவே வண்டி மாட்டிக்கொண்டு நின்றபோது டிரைவர்தான் அந்தப் பேச்சை ஆரம்பித்தான். "சாருக்கு சொந்த ஊரு எது சார்?" முன் ஸீட்டில் அவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த நாதமுனி வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து பதில் வந்துவிட்டது. "எங்க பக்கம்தாம்பா. மன்னார்குடிக்குக் கிட்ட, கீழப்புளியனூர்." சொன்னவர் கலியமூர்த்தி. நாதமுனியின் மகள் கீர்த்தனாவைத் தன் பையனுக்கு எடுக்கப் போகிறவர். திருவாரூர் பக்கத்திலிருந்து மனைவி தமயந்தியோடு நேற்று வந்து இறங்கியவர். கல்யாணப் பேச்சு முடிந்த கையோடு திருவொற்றியூர் வடிவுடையம்மனைப் பார்த்துவிட்டு வர வேண்டும் என்று அந்த அம்மாள் ஆசைப்பட்டதால்தான் இந்த வெள்ளிக்கிழமைக் காலையில் இந்த ரோட்டில் இந்தப் பாடு. நாதமுனி டிரைவரைப் பார்த்து ஆமாம் என்று தலையை ஆட்டினார். ஆட்டாமல் என்ன செய்வது? கீழப்புளியனூர் என்று ஓர் ஊர் இந்தப் பூமியில் எங்கும் கிடையாது. அதை உண்டாக்கியவர் அவர்தான். அவர் பிறந்தது, விழுந்து எழுந்து வளர்ந்தது எல்லாம் இந்தக் காசிமேட்டில், இப்போது வண்டி நிற்கிற இடத்திலிருந்து ஒரு கூப்பிடு தூரத்தில்.

இந்தப் பட்டணத்தில் இது ஒரு வேடிக்கையான வழக்கம். யாரும் இந்த ஊர்க்காரராக இருக்க மாட்டார்கள் என்று எல்லோரும் சேர்ந்து முடிவு கட்டி வைத்திருக்கிறார்கள். எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டு, உடனே, அது சரி, சொந்த ஊர் எது என்று கேட்பார்கள். மதுரை என்று சொல்லலாம், நாகர்கோவில் என்று சொல்லலாம், நெல்லூர் என்றால்கூடப் பரவாயில்லை. மெட்ராஸ்தான் என்று சொன்னால் கேட்டவர் முகத்தில் ஒரு குழப்பம் வரும். நாதமுனி வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஹெட்கிளார்க் அப்படித்தான் கேட்டார். "ராயபுரம் சார்." "குடியிருக்கற இடத்தக் கேக்கல தம்பி, சொந்த ஊர்?" "அதுதான் சார், காசிமேடு." "ஓ" என்றார் ஹெட்கிளார்க். அவ்வளவுதான், ஒரு வார்த்தை தப்பாகச் சொல்லவில்லை மனிதர். ஆனால் அந்த ஓ இருக்கிறதே, அது நாதமுனியின் சட்டையை, சட்டைக்குள் இருந்த உடம்பை, உடம்பில் இன்னும் மிச்சமிருந்த மீன் கவுச்சியை, அவர் பேச்சில் எப்போது வெளியே வரலாம் என்று காத்திருந்த இன்னாவையும் இஸ்துகினுவையும் ஒரு முறை தடவிப் பார்த்துவிட்டுப் போனது. இங்கே சொந்த ஊர் மெட்ராஸ் என்றால் ஒன்று குப்பம், இல்லாவிட்டால் குடிசை என்று கணக்கு. மாற்றலாகி அடுத்த ஆபீசுக்குப் போனபோது அதே கேள்வி வந்தது. கேட்டவர் தலைக்குப் பின்னால் சுவரில் ஒரு மிட்டாய்க்கடைக் காலண்டர் தொங்கிக்கொண்டிருந்தது, மன்னார்குடிக் கடை. வாய் தானாக வாசித்துவிட்டது. "மன்னார்குடி பக்கம் சார்." "அப்படியா, நாதமுனின்னு பேரக் கேட்டப்பவே நினைச்சேன், ராஜகோபாலப் பெருமாள் ஊராச்சே" என்று அவர் எழுந்து வந்து கையைப் பிடித்துக் குலுக்கினார். மத்தியானம் தன் டிபன் டப்பாவிலிருந்து பாதித் தயிர்சாதத்தை எடுத்து வைத்தார். அந்தத் தயிர்சாதத்தின் ருசியை இப்போது நினைத்தாலும் நாதமுனிக்குக் காது மடல் சுடுகிறது. ருசியாகத்தான் இருந்தது, அதுதான் விஷயம்.

பக்கம் என்று சொன்னால் விட மாட்டார்கள், எந்தப் பக்கம் என்பார்கள். அதனால் கீழப்புளியனூர் பிறந்தது. பிறந்த ஊர் வளராமல் இருக்குமா? ஒரு குளம் வந்தது, குளத்துக்கு மேல்கரையில் இரண்டு புளியமரம் வந்தது, அய்யனார் வந்தார். ஊருக்கு ஏன் போவதில்லை என்று கேட்டார்கள், பங்காளித் தகராறு வந்தது. பங்காளித் தகராறு என்றால் யாரும் மேலே கேட்பதில்லை, எல்லோர் வீட்டிலும் ஒன்று இருக்கிறது. பொங்கல்தான் பெரிய தலைவலி. பொங்கல் வந்தால் பட்டணமே மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பிவிடும், தெருவில் நாய்கூட அனாதையாகத் திரியும். அப்போது நாதமுனி மட்டும் குரோம்பேட்டை வீட்டில் இருந்தால் எப்படி? அவரும் பெட்டி கட்டுவார், பக்கத்து வீட்டில் சாவி கொடுப்பார், மனைவியையும் குழந்தையையும் கூட்டிக்கொண்டு காஞ்சிபுரத்தில் ஒரு லாட்ஜில் போய்ப் படுத்துக்கொள்வார். திரும்பி வரும்போது தியாகராய நகரில் அதிரசமும் முறுக்கும் வாங்கி, கடைப் பையைக் கழற்றி எறிந்துவிட்டு, பழைய பேப்பரில் மடித்து, ஊர்ப் பலகாரம் என்று அக்கம்பக்கம் கொடுப்பார். "உங்க ஊரு கை மணமே தனிங்க" என்று பாராட்டு வேறு வரும். மனைவி அப்போதெல்லாம் சமையலறைக்குள் போய்விடுவாள். குழந்தை கீர்த்தனா மட்டும் கேட்பாள், எல்லாரும் அவங்கவங்க ஊருக்குப் போறாங்க, நாம ஏம்ப்பா லாட்ஜுக்குப் போறோம் என்று. பங்காளித் தகராறு கண்ணு. கலியமூர்த்தியோ, முதல் நாள் பேசும்போதே, "கீழப்புளியனூரா? தெரியுமே, ஆத்தத் தாண்டி உள்ள போகணும்" என்றார். தன் ஜில்லாவில் தனக்குத் தெரியாத ஊர் ஒன்று இருக்கிறது என்று ஒப்புக்கொள்ள அவருக்கு மனம் வரவில்லை. இல்லாத ஊருக்கு அவராகவே ஓர் ஆற்றையும் கொடுத்துவிட்டார். பிள்ளைகள் இரண்டும் ஒரே ஆபீசில் பார்த்துப் பிடித்துப்போன சம்பந்தம். "எனக்கு சாதி கீதியெல்லாம் பெரிசில்லீங்க, நல்ல ஊர்ல பொறந்திருக்கணும், அது போதும்" என்று பெருந்தன்மையாகச் சொல்லித்தான் சம்மதித்தார். இப்போது அந்தப் பெருந்தன்மை குலதெய்வம் வரைக்கும் வந்து நிற்கிறது. பத்திரிகை அச்சாகி வந்ததும் முதல் பத்திரிகையைக் கீழப்புளியனூர் அய்யனார் காலடியில் வைக்க வேண்டுமாம், தானே காரெடுத்துக்கொண்டு வந்து கூட்டிப் போகிறாராம், பங்காளிகளிடம் தானே பேசி ராசி பண்ணி வைக்கிறாராம். எங்கே கூட்டிப் போவார்? எந்த ஆற்றைத் தாண்டுவார்?

லாரி ஒன்று முன்னால் ஓரடி நகர்ந்து மறுபடி நின்றது. ஏ.சி.யின் வழியாக அந்த வாசனை உள்ளே வந்தது. ஐஸில் கிடந்த மீனும் டீசலும் காய்ந்த வலையும் உப்பும் கலந்தது. பின்னால் தமயந்தியம்மாள் முந்தானையை எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டார். "எப்படித்தான் இருக்காங்களோ" என்றார், பாவம், இரக்கமாகத்தான் சொன்னார். நாதமுனியின் கை தானாகச் சட்டைப் பைக்குப் போய்க் கைக்குட்டையை எடுத்து மூக்கில் வைத்தது. வைத்த பிறகுதான் வைத்ததே தெரிந்தது. எடுத்துவிடலாமா? எடுத்தால் ஏன் எடுத்தார் என்று தோன்றும். வைத்துக்கொண்டே இருந்தார். கைக்குட்டைக்குள் மூச்சு வெந்நீராக இருந்தது. இந்த வாசனையில்தானே அவர் தாய்ப்பால் குடித்திருப்பார், இதே வாசனை அடித்த தலையணையில்தானே தூங்கியிருப்பார், அதற்கு இன்று கைக்குட்டை. காலையில் மெரினாவைத் தாண்டும்போது கலியமூர்த்தி கண்ணாடியை இறக்கிவிட்டு, "என்னா மணல், என்னா அகலம், கடவுளாப் பார்த்துக் கொடுத்த கடற்கரைங்க" என்று வாயைப் பிளந்தார். கோட்டையைத் தாண்டும்போது, "நானூறு வருசத்துக்கு முன்னாடி இங்க ஒண்ணுமே இல்லீங்க, வெறும் பொட்டல், வெள்ளக்காரன் வந்துதான் ஊரே" என்றார். ஆமாங்க என்றார் நாதமுனி. ஒன்றுமே இல்லை என்றால் வெள்ளைக்காரனை அலையிலிருந்து கட்டுமரத்தில் தூக்கிக்கொண்டு வந்து கரையில் இறக்கியது யார் என்று கேட்டிருக்கலாம். இவர்கள் கும்பிடப் போகிற ஒற்றியூர்க் கோயிலுக்கு வயதென்ன என்று கேட்டிருக்கலாம். கேட்டால் உங்களுக்கு எப்படித் தெரியும் என்பார். கடவுள் கொடுத்த மணலாம். துறைமுகத்தில் வின்ச் இழுத்துக்கொண்டிருந்த அப்பா சொல்வார், மணலுக்கும் நடை உண்டுடா, தெற்கேருந்து வடக்கே போய்க்கினே இருக்கும், நடுவுல வெள்ளக்காரன் கல்லப் போட்டு ஆர்பர் கட்டினான், மணலு அங்கியே நின்னுடுச்சி, அவங்களுக்கு பீச்சு, நமக்கு பள்ளம் என்று. வடக்கே வர வேண்டிய மணல் வராததால் கடல் இந்தப் பக்கம் கரையைத் தின்றுகொண்டே வந்தது. ஒவ்வொரு ஐப்பசியிலும் ஒரு வரிசை வீடு. ஊர் முழுக்க சுண்டல் தின்றுகொண்டு காற்று வாங்குகிற அந்த மெரினா மணலில் நாதமுனியின் தெரு இருக்கிறது. யாருக்காவது சொல்ல முடியுமா?

அவர்கள் தெருவின் முறை வந்தபோது நாதமுனி நாலாம் வகுப்பு. மத்தியான வேளை, அப்பா வேலைக்குப் போயிருந்தார், அம்மா அதற்கு முந்தின வருஷமே கண்ணை மூடிவிட்டாள். அலை அடுப்படி வரைக்கும் வந்து சாம்பலை நக்கிக்கொண்டு போனது. எல்லோரும் வீட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள், ஓட்டை, உத்தரத்தை, எது கையில் வருகிறதோ அதை. அக்கா தேசம்மா கடப்பாறையால் வாசல் கதவை நிலையிலிருந்து பெயர்த்தாள். பதினைந்து பதினாறு வயசுப் பெண், கதவைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு, "நிழல்ல நட்றா நாதா, வெயிலு சுடுது" என்றாள். கதவின் நிழலில் அவர் நடந்தார். திரும்பிப் பார்த்தாரா? பார்க்கவில்லை என்றுதான் ஞாபகம். வாடகைக்குப் போன ஒண்டுக்குடித்தனத்தில் அந்தக் கதவு நாலு கல்லின் மேல் கட்டிலாக இருந்தது, மேஜையாக இருந்தது. அவர் அதில் கவிழ்ந்து படித்தார், அக்கா கூடை தூக்கினாள். ராயபுரத்திலிருந்து மயிலாப்பூர் வரைக்கும் நடந்து மீன் விற்றுவிட்டு வருவாள், காலை நீட்டி உட்கார்ந்து, "இன்னா படிச்ச, சொல்லு கேப்போம்" என்பாள். சொல்வது ஒன்றும் அவளுக்குப் புரியாது. வாயைப் பார்த்துக்கொண்டிருப்பாள். முதல் சம்பளத்தில் அவளுக்கு ஒரு புடவை வாங்கிக்கொண்டு போனபோது, முகர்ந்து பார்த்துவிட்டு, இதுல ஆபீஸ் வாசனை அடிக்குதுடா என்று சிரித்தாள். இவளைத்தான். பெண் பார்க்க வந்த அன்று கலியமூர்த்தி காபியை ஆற்றிக்கொண்டே சும்மா கேட்டார், கூடப் பொறந்தவங்க எத்தனை பேருங்க என்று. "யாரும் இல்லீங்க, நான் ஒத்தப் பிள்ளை." சமையலறையில் ஒரு டம்ளர் விழுந்த சத்தம் கேட்டது. மனைவி அதைப் பற்றி இன்றுவரைக்கும் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசினால் தேவலை.

போன வாரம் அக்கா போன் பண்ணினாள். அக்காவின் நம்பர் அவர் போனில் வாட்டர் கேன் என்ற பெயரில் இருக்கிறது. ஆபீசில் யாராவது எட்டிப் பார்த்தால் என்ன செய்வது என்று அந்தக் காலத்தில் போட்ட பெயர், அப்படியே நின்றுவிட்டது. அவர்களுக்குள் ஒரு பழக்கம் உண்டு, யாரும் யாரிடமும் சொல்லிக்கொடுக்காத பழக்கம். போனை எடுத்து அவர் "இன்னாக்கா" என்றால் தனியாக இருக்கிறார், அவள் பேசுவாள். "சொல்லுங்க" என்றால் ஆள் இருக்கிறது, அவள் வைத்துவிடுவாள். ஏன்டா அப்படி என்று ஒரு நாளும் கேட்டதில்லை. போன வாரம் இன்னாக்கா என்றுதான் எடுத்தார். அவள் பேரப்பிள்ளைக்கு ஜுரம், தெருவில் தண்ணீர் வரவில்லை என்று சுற்றி வளைத்துவிட்டுக் கடைசியில் கேட்டாள். "பாப்பா கல்யாணத்துக்கு நான் வரவா, வேணாமா? அத மட்டும் சொல்டு. வரணும்னா பொடவை எடுக்கணும்." இவர் என்ன சொன்னார்? பாக்கலாம்க்கா என்றார். அத்தைக்காரி வருவதற்கு என்ன பார்க்க இருக்கிறது? சரிடா என்று வைத்துவிட்டாள். அந்தப் பாக்கலாம் ஒரு வாரமாகத் தொண்டையில் மீன் முள்ளாகக் குத்திக்கொண்டிருக்கிறது. வரச் சொன்னால் எங்கே உட்கார வைப்பது? யார் என்று சொல்வது? வாயைத் திறந்தால் முதல் வார்த்தையிலேயே மன்னார்குடி மண்டபம் இடிந்து விழுமே. வராதே என்று எந்த வாயால் சொல்வது? மகளின் கல்யாணம் நின்றுபோனால்? நிற்காது என்று ஒரு மனம் சொன்னது, ஊர் பொய் என்றால் மற்றதெல்லாம் என்ன என்று கேட்பாரே என்று இன்னொரு மனம் சொன்னது. இரண்டும் ஒரே மனம்தான், சந்தைக்கடையில் பேரம் பேசுகிற மாதிரி தனக்குத்தானே கத்திக்கொண்டிருந்தது.

போன் அடித்தது. மடியில் மல்லாந்து கிடந்த போனில் பெயர் பளிச்சென்று எரிந்தது. நாதமுனி கட் பண்ணினார். மறுபடி அடித்தது. அக்கா ஒரு நாளும் இரண்டாம் தடவை கூப்பிடுகிறவள் இல்லை.

கலியமூர்த்தி முன்னால் எட்டிப் பார்த்தார். "வாட்டர் கேனா? எடுங்க சம்பந்தி. மெட்ராஸ்ல பொண்டாட்டி போனக்கூட எடுக்காம இருக்கலாம், தண்ணிக்காரன் போன எடுக்கலேன்னா ஆபத்துன்னு எங்க பையன் சொல்லுவான்."

தமயந்தியம்மாள் சிரித்தார். நாதமுனியும் சிரித்துவிட்டுப் போனைக் காதோடு அழுத்தி வைத்துக்கொண்டார். "சொல்லுங்க" என்றார்.

வைத்துவிடுவாள் என்று காத்திருந்தார். வைக்கவில்லை. அவள் மூச்சு கேட்டது. அதற்குப் பின்னால் ஒரு லாரியின் ஹாரன் கேட்டது, அதே ஹாரன் வண்டிக்கு வெளியிலும் கேட்டது.

"சார்" என்றாள் அக்கா.

பிறந்ததிலிருந்து அவரை நாதா என்று கூப்பிட்டவள். கோபம் வந்தால் கம்மனாட்டி என்று கூப்பிட்டவள். அந்தச் சார் எவ்வளவு சுத்தமாக, எவ்வளவு பழகிய மாதிரி வந்தது. எத்தனை நாள் வாய்க்குள் சொல்லிப் பார்த்திருப்பாள்?

"சார், திரும்பாதீங்க. உங்க வண்டிக்குப் பின்னால, லெப்ட் சைடுல, ஐஸ் பொட்டியாண்ட நிக்கறேன். கண்ணாடி வழியா பாத்துட்டேன். பின்னால ஒக்காந்துகினு கீறவங்கதான் சம்பந்திங்களா சார்?"

"ஆமா."

"நல்ல மாதிரியா தெரியறாங்க சார். அந்தம்மா நிறைய பூ வெச்சிக்கினு கீறாங்க." "அன்னிக்கு கேட்டனே சார், அதுக்கோசரம் யோசிக்காதீங்க. நான் வரல. பாப்பாக்கு ஒரு செயின் எடுத்து வெச்சிக்கீறேன், யார் கையிலயாவது குடுத்தனுப்பறேன். வெச்சிடவா சார்?"

சரி என்றார். சரி என்றா சொன்னார்? சொன்னார். தொண்டை அடைத்துக்கொண்டு வேறு வார்த்தை வரவில்லை என்று பிறகு தனக்குச் சொல்லிக்கொள்ளலாம், ஆனால் தொண்டை ஒன்றும் அடைக்கவில்லை, குரல் நன்றாகவே இருந்தது, தண்ணிக்காரரிடம் பேசுகிற குரல். போனை மடியில் வைத்தார். திரும்பாதீங்க என்றாள், அதனால் திரும்பவில்லை. கொஞ்சம் குனிந்தால் இடது பக்கத்துக் கண்ணாடியில் தெரியும். குனிந்தார், செருப்பைச் சரி பண்ணுகிற மாதிரி. வெள்ளைத் தெர்மோகோல் பெட்டி தெரிந்தது, மேலே நீலத் தார்ப்பாய், அதற்குக் கீழே நரைத்த கொண்டை. அவள் ரோட்டுக்கு முதுகைக் காட்டி நின்றாள். அவர் பார்க்காத மாதிரி இருக்க வேண்டிய சிரமத்தைக்கூட அவருக்கு வைக்கவில்லை. டிரைவர் ஸ்டியரிங்கில் கையை வைத்துக்கொண்டு நாதமுனியை ஒரு முறை பார்த்தான். அவன் இந்த ரோட்டுப் பையன், காது நன்றாகக் கேட்கிற வயசு. பார்வையை எடுத்து முன்னால் லாரியின் மேல் வைத்தான்.

"யாருங்க, பொம்பளக் குரலால்ல இருந்துச்சு" என்றார் கலியமூர்த்தி.

இப்போது சொல்லிவிட வேண்டும், இதற்குமேல் ஒரு மனிதன் தாழ முடியாது, இப்போது சொல்லாவிட்டால் எப்போதும் இல்லை. கல்யாணம் நின்றால் நிற்கட்டும், கீர்த்தனா புரிந்துகொள்வாள், அவள் அம்மாவாவது ஒரு நாள் முகம் கொடுத்துப் பேசுவாள். முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறாளே, இறங்கிப் போய் அந்த ஈரக்கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து கதவைத் திறந்து காட்ட வேண்டும். கைக்குட்டையைப் பைக்குள் திணித்தார். உதட்டை நனைத்துக்கொண்டார். பின்னால் திரும்பி, கலியமூர்த்தியின் முகத்தை நேராகப் பார்த்தார்.

"அக்கா" என்றார்.

சொல்லிவிட்டார். வாயிலிருந்து வெளியே வந்துவிட்டது. கலியமூர்த்தி ஒரு நொடி அவரைப் பார்த்தார், பிறகு தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார். "அதானே பார்த்தேன். இந்த ஊர்ல பூக்காரம்மாவும் அக்கா, கீரக்காரம்மாவும் அக்கா, தண்ணி கேன் போடற பொம்பளையும் அக்கா. நீங்களும் மெட்ராஸ்காரரா மாறிட்டீங்க சம்பந்தி."

இன்னும் ஒரே ஒரு வார்த்தைதான் பாக்கி. கூடப் பிறந்த என்று அதற்கு முன்னால் ஒட்டினால் போதும். நாதமுனி அதற்காக வாயைத் திறந்தார். முன்னால் லாரி புகையைக் கக்கிக்கொண்டு கிளம்பியது, வழி விட்டது, டிரைவர் கியரைப் போட்டான், கண்ணாடியிலிருந்து நீலத் தார்ப்பாய் நழுவியது. அக்கா என்று மட்டும் சொன்னால் அவர் இப்படித்தான் எடுத்துக்கொள்வார் என்று, சொல்வதற்கு முன்னாலேயே, உதட்டை நனைக்கும்போதே, தனக்குத் தெரிந்திருந்ததா என்று நாதமுனி தன்னைக் கேட்டுக்கொண்டார். தெரிந்துதான் இருந்தது.

"என்ன பண்றதுங்க, இங்கயே இருந்து பழகிடுச்சு" என்றார். வண்டி வேகம் எடுத்தது. அவருக்கு அப்பாடா என்றிருந்தது.